வாடகைப் பாத்திரக் கடையில் ஒரு ரோமானியப் படை

எங்கள் மூக்கனேரிப்பட்டியில் இயேசுவை அடிக்க ஆள் கிடைக்காது. வருடா வருடம் பெரிய வெள்ளியன்று, இயேசு சிலுவையில் இறந்த கதையைப் பாஸ்கா நாடகமாகப் போடுகிற ஊர் இது. பேதுரு வேடத்துக்குக் கிறிஸ்தவத் தெருவில் கைகலப்பே நடந்திருக்கிறது. யூதாசுக்குக்கூட ஆள் உண்டு, வசனம் நன்றாக இருக்கும். ஆனால் சாட்டையைக் கையில் எடுக்கச் சொன்னால் போதும், அத்தனை பேருக்கும் அன்றைக்கென்று முதுகு பிடித்துக்கொள்ளும். அந்தப் பாவத்தை யார் வீட்டுக்குக் கொண்டுபோவது? எப்போதோ ஒரு பங்குச் சாமியார் இதற்கு வழி கண்டுபிடித்தார். தார்ச் சாலையைத் தாண்டி மாரியம்மன் கோயில் தெருவுக்கு வந்து, "நீங்க வாங்கப்பா, உங்களுக்கு ஒட்டாது" என்று கூப்பிட்டார். அன்றிலிருந்து ரோமானியப் படை எங்கள் தெருவின் பொறுப்பு.

நான் தமிழ்ச்செல்வன். பொம்மிடி போகிற சாலையில் மோட்டார் காயில் கட்டும் கடை வைத்திருக்கிறேன். வருடத்தில் ஒருநாள் பிலாத்து, இயேசுவுக்குத் தீர்ப்புச் சொல்கிற ரோமானிய ஆளுநர். ஒரு நாற்காலி, ஒரு எவர்சில்வர் பேசின், ஒரு துண்டு, அவ்வளவுதான் என் அரசாங்கம். கையைக் கழுவிவிட்டு நிழலுக்குப் போய்விடலாம். வெயிலில் மலை வரைக்கும் நடந்து சாகிறவர்கள் படைக்காரர்கள். அந்தப் படைக்கு நூற்றுவர் தலைவர் தீர்த்தகிரி. நூறு பேருக்குத் தலைவன் என்று பெயர், கையில் இருப்பது எட்டுப் பேர். அதிலும் ஒருவன் சொந்த அண்ணன்.

தீர்த்தகிரியின் தொழில் வாடகைப் பாத்திரம், சாமியானா பந்தல். கல்யாணம், காதுகுத்து, காரியம் எதுவானாலும் அண்டா, கரண்டி, நாற்காலி, ஜமுக்காளம் எல்லாம் அவன் கடையிலிருந்துதான் போகும். பத்தாவதில் தோற்றதும் அவன் அப்பா நாலு அண்டா வாங்கிக் கொடுத்து உட்காரவைத்தார். அந்த நாலு அண்டா இன்று ஒரு கொட்டகையாகிவிட்டது. ஆளைப் பார்த்ததும் "இவன் எத்தனை பேருக்குச் சாப்பாடு போடுவான்" என்று மனசுக்குள் எடை போடுகிற பழக்கம் அவனுக்கு உண்டு. துக்க வீட்டில் அவன் நின்றால் எனக்குச் சிரிப்பு வரும். முகம் அழும், கண் மட்டும் எந்த மூலையில் அடுப்பு வைக்கலாம் என்று தேடும்.

அண்ணன் மாயவனுக்கு மரவள்ளித் தோட்டம். அண்ணன் தம்பி இருவரும் இளவட்டத்திலிருந்து ரோமானியர்கள். ஒரே சோற்றை உருட்டித் தின்றவர்கள். பிரிந்த கதையை வெளியூரில் சொன்னால் நம்ப மாட்டார்கள். மாயவன் மகள் காவியாவின் கல்யாணத்துக்கு அண்டாக்கள் அரூரிலிருந்து வந்தன.

மறுபடி சொல்கிறேன், ஏனென்றால் ஊரே அன்றைக்கு மறுபடி மறுபடி சொன்னது. சொந்தத் தம்பி பாத்திரக் கடை வைத்திருக்க, அண்ணன் அரூர்க் கடையில் அண்டா எடுத்தான். மாயவனைக் கேட்டால் அவனிடமும் நியாயம் இருந்தது. "அவங்கிட்ட எடுத்தா வாடகை வாங்க மாட்டான். அப்புறம் ஆயுசுக்கும் சொல்லிக் காட்டுவான்." தீர்த்தகிரி கல்யாணத்துக்குப் போனான். மொய் வைத்தான். நேராகச் சமையல் கொட்டகைக்குப் போய் அரூர் அண்டாவை விரலால் தட்டிப் பார்த்து, "ஈயம் பூசி எத்தன வருசம் ஆச்சோ" என்று எல்லார் காதிலும் விழச் சொன்னான். இலையில் உட்காராமலே வந்துவிட்டான். அன்றோடு பேச்சு நின்றது.

நின்றது என்றால் முழுதாக நிற்கவில்லை. பாஸ்காவில் ஓர் இடம் வரும். சிலுவையில் தொங்குகிறவர் தாகம் என்பார். நூற்றுவர் தலைவர், "சிப்பாய், இவருக்குக் குடிக்கக் கொடு" என்று கட்டளையிட வேண்டும். கடற்பஞ்சைப் புளித்த காடியில் நனைத்துக் கம்பில் செருகி நீட்டுகிற சிப்பாய், "ஆகட்டும் தலைவரே" என்று சொல்ல வேண்டும். தலைவர் தம்பி, சிப்பாய் அண்ணன். கல்யாணத்துக்குப் பிறகு வருடம் முழுக்க இருவருக்கும் நடுவில் இருந்த பேச்சு அவ்வளவுதான், ஒரு கட்டளை, ஒரு பதில். மாயவனுக்கு முட்டி தேய்ந்துவிட்டது, வயிறு முன்னால் போய்விட்டது. ஆனாலும் படையை விட்டு விலகவில்லை. "நடந்தா முட்டிக்கு நல்லதுன்னு டாக்டர் சொன்னாரு" என்பான். எந்த டாக்டரும் கவசம் மாட்டிக்கொண்டு நடக்கச் சொன்னதில்லை. அந்த ஒரு வரிக்காகத்தான் வருகிறான் என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும். தம்பிக்கும் தெரியும்.

போன வருடத்துக்கு முந்தின வருடம் அந்த வரிக்கே ஆபத்து வந்தது. பாஸ்கா நடுவில் மழை பிடித்து, வெள்ளித் தாள் ஒட்டிய அட்டைக் கவசங்கள் ஊறித் தொங்கின. ஒரு சிப்பாய்க்குப் போன் வந்தது. அவன் சாட்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, "அடிச்சிகிட்டு இருக்கேன், அப்புறம் பேசறேன்" என்றான். மைக் பக்கத்தில் இருந்தது. சனம் சிரித்த சிரிப்பில் மாதா வேடத்தில் இருந்த பெண்ணுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. பாஸ்காக் குழு கூடித் தீர்ப்புச் சொன்னது. இன்னும் ஒரே ஒரு வருடம். அதிலும் படையைப் பார்த்துச் சனம் சிரித்தால், அடுத்த வருடத்திலிருந்து சேலத்து நாடகக் கம்பெனியின் சிப்பாய்கள். ஆளும் அவர்களே, உடுப்பும் அவர்களே.

தீர்த்தகிரிக்கு அன்று சோறு இறங்கவில்லை. அவன் மனைவி சுகுணா என் வீட்டில் வந்து சொன்னாள். "பட்டாளம் போனா போவுதுன்னு சொன்னேன்ணா. அந்தாளு கண்ணு கலங்கிட்டாரு."

மறுநாள் அவன் பங்குச் சாமியாரிடம் போனான். அவர் ரோமில் பல வருடம் படித்துவிட்டு வந்தவர். படை நிஜமாக எப்படி இருக்கும் என்று கேட்டான். அவர் போனில் ரோமிலுள்ள ஒரு கல்தூணின் படத்தைக் காட்டினார். அடியிலிருந்து உச்சி வரை சுற்றிச் சுற்றிச் சிற்பம், ஒரு சக்கரவர்த்தி போருக்குப் போன கதை. தீர்த்தகிரி விரலால் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தான்.

"சாமி, சண்டை கொஞ்சந்தான இருக்குது? மரம் வெட்றான், மூட்ட தூக்கறான், பாலம் கட்றான், குழி தோண்டறான்."

"ஆமாப்பா, படைன்னா பெரும்பாலும் அதான்."

"சோறு யாரு ஆக்குனா?"

சாமியார் சொல்லச் சொல்ல அவன் முகம் மலர்ந்ததாம். எட்டுப் பேருக்கு ஒரு கூடாரம், ஆட்டுத் தோலில் தைத்தது. எட்டுப் பேருக்கு ஒரு திருகை, ஒரு கோவேறு கழுதை. சமையல்காரன் கிடையாது. கோதுமையைத் தானியமாக அளந்து கொடுத்துவிடுவார்கள், அரைப்பதும் சுடுவதும் அவரவர் பாடு. சட்டி, வாணலி, மண்வெட்டி, கூடை, சில நாளைக்கான தீனி, எல்லாவற்றையும் ஒரு கம்பில் கட்டித் தோளில் போட்டுக்கொண்டு நடக்க வேண்டும். சாயங்காலம் போய்ச் சேர்ந்ததும் படுக்க முடியாது, பாளையத்தைச் சுற்றிப் பள்ளம் வெட்ட வேண்டும். தப்புச் செய்தால் கோதுமையை நிறுத்திவிட்டு வாற்கோதுமை போடுவார்கள், மாட்டுத் தீனி மாதிரி. காலில் ஆணி அடித்த தோல் செருப்பு, வாரைக் கணுக்காலுக்கு மேல் வரை சுற்றிக் கட்ட வேண்டும். குடிக்கக் காடி கலந்த தண்ணீர்.

"நம்ம தொழிலுதான் சாமி இது!" என்று எழுந்து நின்றுவிட்டான். உலகத்தையே ஆண்ட படை என்பது நகர்ந்துகொண்டே இருக்கிற ஒரு வாடகைப் பாத்திரக் கடை என்று அவனுக்குத் தோன்றியதில் எனக்கு ஆச்சரியமில்லை. ஆனால் வாசல் வரை போனவன் திரும்பி வந்து ஒரு கேள்வி கேட்டான்.

"அப்ப சிலுவையில அவருக்குக் குடுத்த காடி?"

"சிப்பாய் குடிக்க வெச்சிருந்ததாத்தான் இருக்கும்."

"கொடுமைக்குக் குடுக்கலியா?"

"கேலி பண்ணிக் குடுத்தாங்கன்னும் சொல்லுவாங்க. ஆனா பானை அவனோடதுதான்."

இந்த ஒன்று அவனைப் பிடித்துக்கொண்டது. அதுவரை மாயவன் அந்தக் காட்சியில் பல்லைக் காட்டிச் சிரித்துக்கொண்டே பஞ்சை நீட்டுவான், அதுதான் வழக்கம். இனி சிரிக்கக் கூடாது என்று உத்தரவு வந்தது. உத்தரவு நேராக வரவில்லை, வரிசையில் மூன்றாவதாக நிற்கிற அண்ணனுக்கு என் வழியாக வந்தது. "மூணாவது ஆளு சிரிக்கக் கூடாதுன்னு சொல்லுங்க. தான் குடிக்கிறத எடுத்துக் குடுக்கறான், அது இரக்கம்."

அடுத்த பெரிய வெள்ளிக்கு முந்தின தவக்காலம் முழுக்க எங்கள் ஊரில் ரோமாபுரி நடந்தது. பாத்திரக் கொட்டகைக்குப் பின்னால் புளியமரத்தடியில் பழைய சாமியானாவைக் கூடாரமாகக் கட்டினான். கேடயத்துக்கு நீல பிளாஸ்டிக் டிரம்மை நெடுக்குவாட்டில் இரண்டாக அறுத்துச் சிவப்புப் பெயிண்ட் அடித்தான். சாமியாரின் படத்தில் இருந்த அதே வளைவு வந்தது, எனக்கே பொறாமையாக இருந்தது. எண்ணெய் டின்னை வெட்டிக் கவசம். அலுமினியக் குண்டான்மேல் சிவப்பு நைலான் பிரஷைக் குறுக்கே வைத்துத் தலைக்கவசம். கக்கூஸ் கழுவுகிற பிரஷ் அது என்று முதல்நாளே நான் சொல்லிவிட்டேன். பிலாத்துவுக்கு இதெல்லாம் தேவையில்லாத பேச்சு என்றான்.

ஞாயிறுதோறும் பயிற்சி. கோதுமைக்குப் பதில் கேழ்வரகு. எட்டு ஆம்பளைகளும் முறை வைத்துத் திருகையில் அரைத்துக் களி கிண்ட வேண்டும். இதைப் பார்க்கத் தெருப் பெண்கள் நாற்காலி போட்டு உட்கார்ந்தார்கள். நாற்காலியும் அவன் கடையதுதான். "வூட்ல தண்ணி மோந்து குடிக்காத மனுசன், இங்க மாவு அரைக்கிறாரு பாருங்க" என்று சுகுணா சொன்னதும் திருகை சுற்றுகிறவன் கை தடுமாறும். தாமதமாக வந்தால் தண்டனைத் தீனி. வாற்கோதுமைக்குப் பதிலாக ரவை உப்புமா. ஒரு தடவை தின்றவன் மறுவாரம் விடியுமுன் வந்து நின்றான். காடிக்குப் புளித்த நீராகாரம், அதில் யாருக்கும் வருத்தமில்லை.

இவ்வளவு நடந்தும் அண்ணனும் தம்பியும் பேசவில்லை.

"மூணாவது ஆளு வயித்த உள்ள இழுக்கணும்னு சொல்லுங்க" என்பான் தீர்த்தகிரி.

"இந்த வயிறு எங்கப்பன் குடுத்ததுன்னு சொல்லுங்க" என்பான் மாயவன்.

நடுவில் நான் திரும்பத் திரும்பச் சொல்லிக் கழுத்துச் சுளுக்கிக்கொண்டது. ஒரே அப்பன் கொடுத்த வயிறுதான் இரண்டும், ஒன்று அண்டா சுமந்து கரைந்துவிட்டது.

செருப்புதான் அவனுடைய பெருமை. அரூர் பஸ் நிலையத்துப் பக்கம் இருக்கிற தோல் செருப்புத் தைப்பவரிடம் படத்தைக் காட்டி எட்டு ஜோடி தைத்தான். அடியில் கொண்டை ஆணி வரிசையாக. தார்ச் சாலையில் எட்டுப் பேரும் காலை வைத்தால் சரக் சரக் என்று ஒரு சத்தம் வரும், நாய்களெல்லாம் வாலைச் சுருட்டிக்கொண்டு போகும். வார் வழியில் அவிழக் கூடாது என்று முழங்காலுக்குக் கீழே வரை சுற்றி, இரட்டை முடிச்சுப் போடச் சொல்லிக் கொடுத்தான். எல்லாவற்றையும் யோசித்தான். போன் எல்லாவற்றையும் வாங்கிக் கடையில் பூட்டினான். மழை வந்தால் கவசம் ஊறாது. வெயில் வந்தால் தண்ணீர்ப் பானை தயார். எதை யோசிக்கவில்லை என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

போன வருடப் பெரிய வெள்ளி. ரேஷன் கடை வாசலில் நான் கையைக் கழுவினேன். படை இயேசுவை இழுத்துக்கொண்டு கிளம்பியது. இயேசுவாக நடித்தவன் அன்பு, அரூரில் இரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. சிலுவை நிஜமான வேப்பமரம். சரக், சரக், சரக். கேடயம் வரிசை பிசகவில்லை. தோளில் கம்பு, கம்பில் சட்டி, ஒன்றும் ஆடவில்லை. சனம் வாயை மூடிக்கொண்டு நின்றது. ஒரு கிழவி, "பாவிங்களா" என்று மண்ணை வாரித் தூற்றினாள். தீர்த்தகிரி என்னைப் பார்த்தான். அந்தப் பார்வையில் இருந்த சந்தோஷத்தை நான் எழுதித் தீராது. படை பிழைத்துவிட்டது என்று நானும் நினைத்தேன்.

இயேசுவை அறைகிற கல்வாரி மலையாக நாங்கள் வைத்துக்கொண்டிருக்கிற கரடு, மாதா கோயிலுக்குப் பின்னால் இருக்கிறது. கோயில் வளாகத்துக்குள் புகுந்துதான் போக வேண்டும். வளாக வாசல் வந்தது. எட்டுச் சிப்பாய்களும் நின்றார்கள். நின்று, கேடயத்தைச் சுவரில் சாய்த்துவிட்டுக் குனிந்து செருப்பைக் கழற்ற ஆரம்பித்தார்கள்.

முந்தின வருடங்களில் எல்லோரும் ரப்பர் செருப்பு. போகிற போக்கில் உதறிவிட்டு உள்ளே போவார்கள், யார் கண்ணிலும் படாது. இது முழங்கால் வரை வார், இரட்டை முடிச்சு, வியர்வையில் இறுகியது.

"பரவால்ல, வாங்கண்ணா" என்றான் அன்பு சிலுவைக்கு அடியிலிருந்து.

"எப்பிடிப்பா?" என்றான் முன்வரிசைச் சிப்பாய், முடிச்சைப் பல்லால் கடித்தபடி. "நம்ம கோயிலுக்கே செருப்போட போவ மாட்டோம். அடுத்தவங்க கோயிலுக்குப் போவலாமா?"

இரண்டு நிமிடம் சனம் பொறுத்தது. அன்பு சிலுவையை இறக்கி வைத்துவிட்டு, பக்கத்திலிருந்த சிப்பாய்க்கு முடிச்சவிழ்க்க உட்கார்ந்தான். முள்முடியோடு இயேசு, தன்னை அடிக்கிறவனின் செருப்பை அவிழ்த்துவிடுகிறார். அங்கே ஆரம்பித்தது சிரிப்பு. வாசலில் ஒருவர், அப்புறம் சுவர்மேல் இருந்தவர்கள், அப்புறம் சாலை முழுக்க. குழுத் தலைவர் கண்ணை மூடிக்கொண்டார்.

தீர்த்தகிரி அப்படியே நின்றான். ஒவ்வொருவராக உள்ளே போய்விட, கடைசியில் மாயவன் மட்டும் நின்றான். முட்டி மடங்காது, வயிறு குனிய விடாது, செருப்போடு உள்ளே போகவும் மனமில்லை. ஒரு கையால் கேட்டைப் பிடித்துக்கொண்டு தன் காலையே பார்த்துக்கொண்டிருந்தான். படை போனால் அந்த ஒரு வரியும் போகும் என்று அவனுக்குத் தெரியாதா?

நூற்றுவர் தலைவர் குனியவே கூடாது என்று தவக்காலம் முழுக்க வகுப்பெடுத்தவன் தீர்த்தகிரி. இடுப்பிலிருந்து பந்தல் கயிறு அறுக்கிற கத்தியை உருவிக்கொண்டு அண்ணனிடம் போனான். வாரை அறுத்துவிட்டுச் சட்டென்று முடிக்கப் பார்த்தான்.

"அறுக்காதடா" என்றான் மாயவன். "அடுத்த வருசத்துக்கு ஆவும்."

பாஸ்காவில் இல்லாத வசனம். என் வழியாக வராத வசனம். தீர்த்தகிரி கத்தியை மடக்கினான். தரையில் குத்துக்கால் போட்டு உட்கார்ந்து, அண்ணன் பாதத்தைத் தூக்கித் தன் தொடைமேல் வைத்துக்கொண்டு, முடிச்சு முடிச்சாக அவிழ்த்தான். அவசரப்படவில்லை. கண்ணிலிருந்து தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்ததால் முடிச்சும் சரியாகத் தெரியவில்லை. மாயவன் விழாமலிருக்க அவன் தலைமேல் கை வைத்துக்கொண்டான், அந்தக் கக்கூஸ் பிரஷ்மேல். சிரிப்பு எப்போது நின்றது என்று யாரும் கவனிக்கவில்லை.

கரட்டின்மேல் அன்பு தாகம் என்றான். தீர்த்தகிரி, "சிப்பாய், இவருக்குக் குடிக்கக் கொடு" என்றான். மாயவன் சிரிக்காமல், நீராகாரத்தில் பஞ்சை நனைத்து நீட்டினான். மைக் பக்கத்தில்தான் இருந்தது.

"சரிடா தம்பி."

குழு சொன்ன சொல்லைக் காப்பாற்றியது. சிரிப்பு சிரிப்புதான் என்றார்கள். நான் கையைக் கழுவாமல் எதிர்த்துப் பேசினேன், எடுபடவில்லை. இந்த வருடப் பெரிய வெள்ளிக்குச் சேலத்துப் படை வேனில் வந்து இறங்கியது. மின்னுகிற பிளாஸ்டிக் கவசம், ஜிப் வைத்த பூட்ஸ், ஆளுக்கு ஒரு பிரியாணிப் பொட்டலம். திருகையும் இல்லை, கழுதையும் இல்லை. தீர்த்தகிரியும் மாயவனும் வளாக வாசலில் சனத்தோடு சனமாக வேட்டியில் நின்றார்கள். இருவருடைய ரப்பர் செருப்பும் கேட்டுக்கு வெளியே கிடந்தன.

சேலத்துச் சிப்பாய்கள் வந்தார்கள். நிற்கவில்லை. பூட்ஸோடு வளாகத்துக்குள் டக் டக்கென்று நுழைந்து நேராகப் போனார்கள்.

"பாருடா, செருப்போட போறானுங்க!" என்றான் மாயவன்.

"ரோமானியன் அப்பிடித்தாண்ணா போவான்" என்றான் தீர்த்தகிரி. "நாமதான் தப்பா நடிச்சிட்டோம்."